ஒனக்கு மட்டும் சொல்றேன்

முதல் நாள் காலைக் காட்சிக்குத் தியேட்டர் கதவு திறந்ததும் உள்ளே முதலில் பாய்ந்தவன் முத்துக்கண்ணன்தான். டிக்கெட்டில் இருக்கை எண் அச்சடித்திருந்தார்கள். போடியில் அதை நம்பியவன் நின்றுகொண்டே படம் பார்க்க வேண்டியதுதான். தோளில் கிடந்த நாலு முழத் துண்டை உதறி நடு வரிசையில் நீளவாக்கில் விரித்தான். மூன்று இருக்கைக்குத்தான் எட்டியது. மிச்சத்துக்குக் குடை, கைப்பை, கண்ணாடிக்கூடு, வலது செருப்பு, இடது செருப்பு என்று வரிசையாக வைத்து இடம் பிடித்துவிட்டு, வெறுங்காலோடு வாசலுக்கு வந்து கையை ஆட்டினான்.

"வாங்க முதலாளி, வெரசா வாங்க. துண்டு போட்டாச்சு!"

ஏலக்காய்க் கடைத்தெருவே திரண்டு வந்திருந்தது. அத்தனை பேருக்கும் டிக்கெட் அவன் செலவு. தன் கல்யாணத்துக்குக்கூட இவ்வளவு பேரை நேரில் போய் அழைக்காதவன், ஒரு வாரமாகக் கடை கடையாக ஏறி இறங்கி அழைத்திருந்தான். மலைமேல் இருக்கிறவர்களுக்கு ஜீப்பு டிரைவரிடம் சொல்லிவிட்டிருந்தான். காரணம், படத்தின் டைரக்டர் அருண்பாண்டி அவனோடு ஒரே பெஞ்சில் படித்தவன். படத்தில் ஹீரோ பேசுகிற பேச்செல்லாம் முத்துக்கண்ணன் பேசிய பேச்சு. "பாதிக்குப் பாதி நீதாண்டா மாப்ளே" என்று அருண்பாண்டியே போனில் சொல்லியிருந்தான்.

படத்தின் பெயர் 'முக்கால் யோக்கியன்'.

முத்துக்கண்ணன் ஏலக்காய்த் தரகன். பெரிய எஸ்டேட்டுச் சரக்கெல்லாம் கம்ப்யூட்டர் ஏலத்துக்குப் போய்விடும். அங்கே விரலுக்கு இருக்கிற ஒரே சோலி பொத்தானை அமுக்குவது. ஆனால் மலைச் சரிவில் ஒன்றரை ஏக்கர், இரண்டு ஏக்கர் வைத்துக்கொண்டு, காயை மூட்டையும் அரை மூட்டையுமாக ஜீப்பில் இறக்குகிறவர்கள் கடைத்தெருவுக்குத்தான் வருவார்கள். அவர்களுக்கும் கடைக்காரருக்கும் நடுவில் நிற்பவன் அவன்.

அந்தத் தெருவில் விலையை வாய்விட்டுச் சொல்கிற வழக்கம் கிடையாது. சொன்னால் அடுத்த கடைக்காரன் காதில் விழும்; விழுந்தால் இவருக்கு வர வேண்டிய சரக்கு அங்கே போய்விடும். அதனால் தரகன் கடைக்காரரின் கையைப் பிடித்து மேலே துண்டைப் போடுவான். உள்ளே விரல்கள் பேசும். ஒரு விரலைப் பிடித்தால் ஒன்று. ஐந்தையும் சேர்த்துப் பிடித்தால் ஐந்து. மூடிய முட்டியை எதிராளியின் உள்ளங்கையில் வைத்தால் பேரம் முறிந்தது என்று அர்த்தம். 'இதற்கு மேல் போகாதே' என்று கடைக்காரர் தன் கடைசி விலையைத் தரகனிடம் ஒப்படைப்பதும் அந்தத் துண்டுக்கடியில்தான். பிறகு தரகன் விற்க வந்தவரின் கையைப் பிடித்துத் துண்டைப் போட்டு, கீழேயிருந்து ஆரம்பிப்பான்.

கை உள்ளே இருக்கும்போது முத்துக்கண்ணனின் வாய் வெளியே ஊர்க்கதை பேசிக்கொண்டிருக்கும். எம்.எல்.ஏ.விலிருந்து எருமை மாடு வரைக்கும் அந்த வாயில் விழுந்து எழாதது எதுவுமில்லை. சுற்றி நிற்கிறவர்கள் சிரித்து முடிக்கும்போது பேரமும் முடிந்திருக்கும். அந்தத் துண்டுக்கடியில் கையை நீட்ட ஆள் இருக்கிறவரைக்கும் அவன் தரகன். நீட்ட ஆளில்லை என்றால் வெறும் துண்டு போட்ட ஆள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அருண்பாண்டி சென்னையிலிருந்து வந்து இறங்கினான். பத்து வருஷம் பலரிடம் உதவி டைரக்டராக இருந்து, முன்தலை வழுக்கை விழுந்ததுதான் மிச்சம்.

"ஒரு சூப்பர் ஹீரோ படம் பண்ணப்போறேன் மாப்ளே. ஹீரோ நல்லவன் இல்ல. முழுசாக் கெட்டவனும் இல்ல. நடுநடுவுல கேமராவப் பாத்து ஜனத்துகிட்டயே பேசுவான். அவன் நடிக்கிற படத்தையே நக்கல் பண்ணுவான். அவனுக்கு ஒரு வாய் வேணும். ஒன் வாயக் குடு."

"வாய ஒனக்குக் குடுத்துட்டு நான் எதால சோறு திங்கிறது?"

"பாத்தியா, இதத்தான் கேட்டேன்" என்று அருண்பாண்டி போனை எடுத்து அதை அப்படியே எழுதிக்கொண்டான்.

மூன்று மாதம் நிழல் மாதிரி ஒட்டிக்கொண்டு திரிந்தான். கடை வாசலில் உட்கார்ந்தான். ஜீப்பில் கூட வந்தான். முத்துக்கண்ணன் வாயைத் திறந்தால் விழுந்து விழுந்து சிரித்தான். அவன் ஒரு தடவை சிரித்தால் இவனுக்கு இன்னும் நாலு கதை வரும். முத்துக்கண்ணனின் மனைவி சூர்யகலா மட்டும் டம்ளரைக் கழுவி வைத்தபடி ஒரு நாள் சொன்னாள்:

"நீங்க சொல்ற எதுக்கும் இந்த வீட்ல ஒரு ஆளு இப்படிச் சிரிச்சதில்ல. அந்தண்ணே சிரிக்கலங்க. கொள்முதல் பண்றாரு."

"ஒனக்கு சினிமாக்காரன்னாலே ஆகாது" என்று இவன் அதை ஒதுக்கிவிட்டான்.

அந்த மூன்று மாதத்தின் கடைசியில் ஒரு நாள், போடிமெட்டு டீக்கடையில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். எதிரே பள்ளத்தாக்கு முழுக்க வெள்ளை மூட்டம். செக்போஸ்ட்டில் ஜீப்புகள் உறுமிக்கொண்டு நின்றன. அடுத்த நாள் அருண்பாண்டி சென்னைக்குத் திரும்பிப் போகிறான். முத்துக்கண்ணன் அவனிடம் சொல்லாத கதை என்று ஒன்றே ஒன்றுதான் பாக்கி இருந்தது. சிரிக்கிற ஆள் கிளம்பப்போகிறானே என்கிற தவிப்பில் அதையும் எடுத்து வைத்தான்.

"ஒனக்கு மட்டும் சொல்றேன் மாப்ளே. எம் பொண்டாட்டிக்குக்கூடத் தெரியாது."

விற்க வந்தவரின் கையைத் துண்டுக்கடியில் பிடிக்கும்போது, கட்டைவிரல் நகத்தால் உள்ளங்கையில் லேசாக ஒரு கீறு கீறுவான். 'விடாதே, கடைக்காரரிடம் இன்னும் பாக்கி இருக்கிறது' என்று அதற்குப் பொருள்; அதை முன்பே அவர் காதோடு சொல்லி வைத்திருப்பான். கடைக்காரர் நம்பி ஒப்படைத்த கடைசி விலையை, ஒரு வார்த்தை பேசாமல் அந்தப் பக்கம் காட்டிக்கொடுத்துவிடும் அந்தக் கீறல்.

"எல்லாத்துக்கும் இல்லடா. சுப்புத்தாய் அக்கா மாதிரி ஆளுகளுக்கு. புருசன் இல்ல, ரெண்டு ஏக்கரு, ஒரு காத்தடிச்சா பாதிச் செடி சாஞ்சு போகும். அதுக விடுற மூச்சுலயே காய் காஞ்சிரும், அப்படி ஒரு பெருமூச்சு. எப்படிப்பா சும்மா இருக்க?"

"அதுக்கு ஒனக்கு என்ன?"

"ஒண்ணும் வாங்குறதில்ல. வாங்குனா தப்புன்னு தோணிருமே. வாங்காததால புண்ணியம்னு நெனச்சுக்கிட்டு நிம்மதியாத் தூங்குறேன்."

அருண்பாண்டி அன்றைக்குச் சிரிக்கவில்லை, போனையும் எடுக்கவில்லை. அதனால்தான் முத்துக்கண்ணன் நம்பினான். எழுதி வைக்காமலே நினைவில் தங்கிவிடுகிற அளவுக்கு அது முதல் தரச் சரக்கு என்று, சரக்கிலேயே வளர்ந்தவனுக்கு அப்போது தோன்றவில்லை.

தியேட்டரில் விளக்கு அணைந்தது. முத்துக்கண்ணனுக்கு இடது பக்கம் கண்ணுச்சாமி முதலாளி. தெருவிலேயே பெரிய கடை அவருடையது. பதினெட்டு வருஷமாக முத்துக்கண்ணனின் துண்டுக்குள் அதிகம் வந்த கை அவருடைய கைதான். பின்வரிசையில் சுப்புத்தாய், குருவம்மாள், மாயக்காள் என்று மலையிலிருந்து இறங்கி வந்த பெண்கள், முறுக்குப் பொட்டலத்தோடு.

படம் பிய்த்துக்கொண்டு போனது. ஹீரோ ஒரு ஜீப்புத் தரகன். பொட்டிபுரம் மலைக்குள் கட்டப்போவதாகச் சொல்லிக் கட்டாமல் கிடக்கிற ஆராய்ச்சிக்கூடத்திலிருந்து ஒரு பச்சைக் கதிர் வந்து தாக்கியதில் அவனுக்குச் சக்தி வந்துவிடுகிறது. உடனே கேமராவைப் பார்த்தான்.

"கட்டாத எடத்துல இருந்து கதிர் எப்படிடா வந்துச்சுன்னுதான கேக்குறீக? நானும் டைரக்டர்கிட்டக் கேட்டேன். கட்டடத்துக்குப் பட்ஜெட் இல்ல, கதிருக்கு மட்டுந்தான் இருக்குன்னுட்டாரு."

தியேட்டர் அதிர்ந்தது. ஹீரோ வானத்தில் பறந்தான். அங்கேயும் கொண்டை ஊசி வளைவுக்கு வளைவு ஆரன் அடித்து வளைந்து வளைந்துதான் பறந்தான். "நேராப் போனா வாந்தி வருது, பழக்கம் இல்ல" என்றான். மற்ற சூப்பர் ஹீரோக்களுக்கு முதுகில் பட்டுத் துணி பறந்தால், இவனுக்கு நாலு முழத் துண்டு பறந்தது.

கண்ணுச்சாமி கண்ணைத் துடைத்துக்கொண்டு முத்துக்கண்ணனின் தொடையில் அடித்தார். "ஏப்பா முத்து, அந்த வாந்தி சோக்கு நீ என் கடையில சொன்னதில்ல?"

"எல்லாம் நம்ம சரக்குதான் முதலாளி. பாலீஷ் மட்டும் அவன் போட்டுருக்கான்."

அவன் நெஞ்சு இரண்டு அங்குலம் ஏறியிருந்தது. தன் பேச்சுக்கு முந்நூறு பேர் ஒரே நேரத்தில் சிரிப்பதை அதுவரை அவன் கேட்டதில்லை. இந்த வாயைப் பெற்றதற்கு இன்றைக்குத்தான் கூலி கிடைத்தது என்று தோன்றியது.

இடைவேளைக்குக் கொஞ்சம் முன்னால் அந்தக் காட்சி வந்தது. வில்லன் ஒரு ஜீப்பு நிறைய தோட்டத் தொழிலாளிகளைப் போடிமெட்டில் பிடித்து வைத்திருக்கிறான். ஹீரோ சண்டை போடவில்லை. "சண்டைக்கு நாலு நாள் ஷூட்டிங் வேணும், பேரம் பேசிருவோம்" என்றான். முதுகில் கிடந்த துண்டை உருவி வில்லனின் கையை மூடினான். வில்லன் தன் கடைசிப் பேச்சை விரலில் சொன்னான். பிறகு ஹீரோ ஜீப்பில் இருந்த கிழவியிடம் போய், அவள் கையைப் பிடித்துத் துண்டைப் போட்டான். நிதானமாகத் திரும்பிக் கேமராவைப் பார்த்துக் கண்ணடித்தான்.

"ஒங்களுக்கு மட்டும் சொல்றேன். வெளிய சொல்லிராதீக."

கேமரா துண்டுக்குள் நுழைந்தது.

அந்த இடத்துக்குள் இதுவரை யாருடைய கண்ணும் போனதில்லை. இப்போது அது தியேட்டர்ச் சுவர் அகலத்துக்கு விரிந்து கிடந்தது. வாசற்படி பெரிதாக ஒரு கட்டைவிரல் நகம், வயற்காடு பெரிதாக ஓர் உள்ளங்கையைக் கீறியது. "விடாத ஆத்தா. அவன்கிட்ட இன்னும் பாக்கி இருக்கு."

விசில் பறந்தது. கைதட்டல் ஓயவில்லை. நடு வரிசையில் மட்டும் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. இருக்கைக் கைப்பிடியில் முத்துக்கண்ணனின் முழங்கையை ஒட்டிக் கிடந்த தன் கையைக் கண்ணுச்சாமி மெதுவாக எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

பின்வரிசையில் முறுக்குக் கடிக்கிற சத்தம் நின்றது.

"ஏய் மாயக்கா, ஒனக்குமா?" குருவம்மாளின் குரல்.

"எனக்கு மட்டும்னுல்லடி சொன்னாரு."

"எனக்கும் அப்படித்தான் சொன்னாரு."

முத்துக்கண்ணன் திரும்பிப் பார்த்தான். படத்தின் பச்சை வெளிச்சத்தில் சுப்புத்தாய் தன் உள்ளங்கையை விரித்து வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இடைவேளையில் டீ குடிக்கப் போன கடைக்காரர்கள் திரும்பவில்லை. மீதிப் படத்தை அவன் காலி இருக்கைகளுக்கு நடுவில் உட்கார்ந்து பார்த்தான். ஹீரோ என்னென்னவோ சொன்னான். அத்தனையும் இவன் சொன்னதுதான். ஒன்றுக்குக்கூடச் சிரிப்பு வரவில்லை.

மறுநாள் காலை சுப்புத்தாயின் மூட்டை கண்ணுச்சாமி கடையில் அவிழ்ந்து கிடந்தது. முதலாளி ஒரு பிடி காயை அள்ளி ஊதிப் பார்த்தார், ஒன்றைக் கடித்தார். முத்துக்கண்ணன் எதுவும் நடக்காதது மாதிரி துண்டை உதறிக் கையை நீட்டினான். அவர் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார்.

"கை எதுக்குப்பா? வாய் இருக்குல்ல. அதான் தியேட்டர்ல நாலு காட்சி பேசுதே" என்றவர், தெருவைப் பார்த்துத் திரும்பிச் சத்தமாகச் சொன்னார். "கிலோ ரெண்டாயிரத்து நானூறு!"

தெரு நின்றது. எதிர்க் கடையில் காய் சலித்துக்கொண்டிருந்த சல்லடை நின்றது. அந்தத் தெருவில் ஒரு கடைக்காரர் விலையைக் கத்திச் சொன்னால், நடுவில் நிற்கிறவனைச் செருப்பால் அடித்ததற்குச் சமம்.

"முதலாளி, நான் ஒங்களுக்குத் துரோகம்..."

"பண்ணுனியா இல்லையான்னு நான் கேக்கலப்பா. பதினெட்டு வருசம் இந்தக் கைய ஒங்கிட்டக் குடுத்துட்டு வேற பக்கம் பாத்துக்கிட்டு நின்னேன். எந்த நாள் கீறுன, எந்த நாள் கீறலன்னு இனிமே ஒவ்வொரு நாளா எனக்கு ரோசனை ஓடும். அந்த ரோசனைய நான் எங்கிட்டு எறக்கி வைக்க, சொல்லு."

முத்துக்கண்ணன் சுப்புத்தாயைப் பார்த்தான். அவளாவது ஒரு வார்த்தை சொல்வாள் என்று நினைத்தான். சொன்னாள்.

"போன தை மாசம் விடாதன்னு கீறுன தம்பி. நானும் விடாம நின்னேன். அன்னைக்கே மாயக்காளுக்கும் கீறிருக்க, குருவம்மாளுக்கும் கீறிருக்க. மூணு பேரும் மொறச்சுக்கிட்டு நின்னா எந்தக் கடைக்காரர் வாங்குவாரு? சரக்க மறுபடியும் ஜீப்புல ஏத்திக்கிட்டு அழுதுக்கிட்டே மேல போனேன். நீ எனக்காகத்தான் பாத்தேன்னு நெனச்சு, அப்பக்கூட ஒன்னய வையல. எனக்கு மட்டும்னு நெனச்சேன்ல."

அவளே கண்ணுச்சாமியிடம் தலையாட்டினாள். தராசில் மூட்டை ஏறியது. அவன் அங்கே நின்றான் என்பதைத் தவிர அந்த வியாபாரத்தில் அவனுக்கு ஒரு பங்கும் இல்லை. வீட்டுக்குப் போனபோது சூர்யகலா தட்டை எடுத்து வைத்துச் சோறு போட்டாள். அன்றைக்கே சொன்னேனே என்று குத்திக்காட்டவில்லை. அதைவிட அவள் திட்டியிருக்கலாம்.

தெருவில் கடைக்கு ஒன்றாக விலைப் பலகை முளைத்தது. சாக்பீஸ் வாங்கி வந்து எழுதினார்கள்.

பத்தாம் நாள் காலை அருண்பாண்டி வெற்றி உலா வந்தான். இரண்டு கார், ஒரு பெட்டி லட்டு, கழுத்தில் ஏலக்காய் மாலை. நேரே கடைத்தெருவுக்கு வந்து இறங்கி, முத்துக்கண்ணனைக் கட்டிப்பிடித்துத் தூக்கினான்.

"மாப்ளே! ஊரெல்லாம் ஒன் பேச்சத்தாண்டா பேசுது!"

"எறக்கி விடு" என்றான் முத்துக்கண்ணன். காலைத் தரையில் ஊன்றிக்கொண்டு கேட்டான். "ஒனக்கு மட்டும்னு சொன்னேனேடா."

"எனக்கு மட்டுந்தான சொன்ன? நான் எங்கயாச்சும் ஒம் பேரச் சொன்னேனா? டைட்டில்லகூட ஒனக்கு நன்றி போடலயே, எதுக்கு? ஒன் நல்லதுக்குத்தான். பேரப் போட்டா மாட்டிக்குவன்னு தெரியாதா எனக்கு?"

"பேரத்தான் போடல. துண்டப் போட்டியே."

அருண்பாண்டி குரலைத் தாழ்த்தினான். "கதைக்கு அது வேணும் மாப்ளே. படமே அந்த எடத்துலதான் நிக்குது. அங்கதான் ஜனம் ஹீரோவ நம்புது. நமக்குன்னு தனியா ஒரு ரகசியம் சொல்றாண்டான்னு, உக்காந்திருக்கிற ஒவ்வொருத்தனும் நெனைக்கிறான் பாரு, அது."

முத்துக்கண்ணனுக்கு அது புதிய விஷயமாகத் தெரியவில்லை. மலையிலிருந்து இறங்கி வந்த ஒவ்வொரு கையிலும் அவன் நகத்தால் எழுதியது இதைத்தான். தான் பத்துப் பேரிடம் செய்ததை இவன் பத்து லட்சம் பேரிடம் செய்திருக்கிறான். கோபத்தில் பாதி அங்கேயே கரைந்தது. வலி மட்டும் குறையாமல் நின்றது. இவனிடம் சொன்னபோது மட்டும், உலகத்தில் முதல் தடவையாக, அந்த வார்த்தையை அவன் நிஜமாகச் சொல்லியிருந்தான்.

"சரி விடு, இதக் கேளு." அருண்பாண்டி போனை எடுத்துப் பதிவுப் பொத்தானை அமுக்கினான். "ரெண்டாம் பாகம் பண்றோம். இதுல ஹீரோவ ஊரே கைவிட்ருது. இப்ப ஒனக்கு உள்ள எப்படி இருக்கு? ஒரு வார்த்தை மாத்தாம அப்படியே சொல்லு."

தெரு பார்த்துக்கொண்டிருந்தது. கண்ணுச்சாமி கடைப் படியில் நின்றார். அன்றைக்கும் ஒரு மூட்டையோடு வந்து விலை போகாமல் காத்திருந்த சுப்புத்தாய், அதன் மேலேயே உட்கார்ந்திருந்தாள். முத்துக்கண்ணனின் நாக்கு நுனிக்கு ஒரு பதில் வந்துவிட்டது. அருமையான பதில். சொன்னால் எதிர்க் கடையும் சிரித்திருக்கும். இரண்டாம் பாகத்துக்குப் போஸ்டரில் போடலாம். எச்சிலோடு சேர்த்து அதை விழுங்கினான்.

போன் இல்லாத கையைப் பிடித்து இழுத்தான். துண்டை எடுத்து மேலே போட்டான். உள்ளே தன் விரல் ஐந்தையும் மடக்கி, மூடிய முட்டியை அருண்பாண்டியின் உள்ளங்கையில் வைத்து அழுத்தினான்.

அருண்பாண்டி சிரித்துக்கொண்டே விரல்களால் துழாவினான். "என்ன மாப்ளே இது? அஞ்சா? பத்தா? ஏய், கதை நல்லா இருக்கே. என்ன அர்த்தம்? எனக்கு மட்டும் சொல்லு."

மூன்று மாதம் கூடவே திரிந்து, வாயிலிருந்து விழுந்ததையெல்லாம் பொறுக்கிக்கொண்டு போனவனுக்கு விரலில் ஓர் எழுத்துக்கூடத் தெரியவில்லை. தெருவுக்குத் தெரிந்தது. துணி மேடிட்டு நின்ற விதத்திலேயே கண்ணுச்சாமிக்குத் தெரிந்தது. மென்றுகொண்டிருந்த வெற்றிலையை நிறுத்தியவர், தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போய்விட்டார்.

"ஊருக்கே சொல்வேன் மாப்ளே" என்றான் முத்துக்கண்ணன். "ஒனக்கு மட்டும் சொல்ல மாட்டேன்."

முட்டியை உருவிக்கொண்டான். துண்டை எடுக்கவில்லை. நீட்டிய கையும் அதன்மேல் கிடந்த துண்டுமாக அருண்பாண்டி நடுத்தெருவில் நிற்க, அவன் சுப்புத்தாயின் மூட்டைப் பக்கம் போனான். தோள் லேசாக இருந்தது. ஏதோ சட்டை போடாமல் வந்தது மாதிரி. குனிந்து ஒரு பிடி காயை அள்ளினான். நல்ல திரட்சி, நல்ல பச்சை.

"ரெண்டாயிரத்து ஐந்நூறு!" என்று தெருவைப் பார்த்துக் கத்தினான். "யாரு கேக்குறீக?"

பதினெட்டு வருஷத்தில் அந்த வாயிலிருந்து வந்த முதல் விலை அது. பழக்கமில்லாததால் பாதியில் தொண்டை உடைந்தது. யாரும் பதில் சொல்லவில்லை. அவன் இருமித் தொண்டையைச் சரிசெய்துகொண்டு இன்னொரு தடவை கத்தினான்.